கெசட்டில் போன மெட்டு

இலங்கையின் கிழக்குக் கரையிலுள்ள மருதமுனையில் சபூறா ரீச்சர் பாடி யாரும் கேட்டதில்லை. இரண்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்குத் தமிழும் கணக்கும் படிப்பித்தாள். பாடசாலை விழாவில் பிள்ளைகள் சேர்ந்து பாடும்போது ஓர் ஓரமாக நின்று கையை மட்டும் அசைப்பாள். அவளுக்குள் எந்நேரமும் மெட்டுகள் ஊறிக்கொண்டிருந்தது அவள் வீட்டுத் தறிகளுக்கு மட்டும்தான் தெரியும்.

வீடு நிறையத் தறிகள். உம்மா றாபியாவும் மாமிமாரும் காலையில் தறியில் ஏறினால் பக்கத்து வீட்டில் இடி விழுந்தாலும் கேட்காது. அந்தச் சத்தத்துக்குள் ஒரு பெண்பிள்ளை என்ன பாடினாலும், எப்படிப் பாடினாலும் யாருக்குத் தெரியப்போகிறது? நூல் சுற்றிக் கொடுத்த வயதிலிருந்து சபூறா அந்தச் சத்தத்தின் மறைவில்தான் பாடினாள். வானொலியில் கேட்டதைப் பாடுவாள்; மறந்துபோன இடத்தைத் தானாக இட்டு நிரப்புவாள். போகப் போக இட்டு நிரப்பியது கூடிவிட்டது, கேட்டது குறைந்துவிட்டது. பிறகு முழுவதும் அவளுடையதாகவே ஆகிவிட்டது. அட்டாளைச்சேனையில் ஆசிரியர் பயிற்சி எடுத்தாள், கலியாணம் முடித்தாள், வேலை பெற்றாள். அந்தப் பழக்கம் மட்டும் விடவில்லை.

புருஷன் சரீப் கல்முனையில் ட்ராக்டர் திருத்துகிறவன். எழுபத்தெட்டு நவம்பர்ச் சூறாவளியில் அவனுடைய பட்டறையின் தகரக் கூரை பறந்து எந்த வயலில் விழுந்தது என்றே தெரியாமல் போனது. சில மாதம் வெட்ட வெளியில் வேலை பார்த்தான். பிறகு குவைத்தில் மெக்கானிக் வேலை கிடைக்க, அழுதுகொண்டும் சிரித்துக்கொண்டும் விமானம் ஏறினான். போய் அரை வருஷம் ஆகுமுன் ஊருக்கு வந்த ஒருவரின் கையில் ஒரு ரேடியோ கெசட் பெட்டியைக் கொடுத்தனுப்பினான். கூடவே ஒரு கெசட்டில் அவனுடைய குரல். வெயிலைப் பற்றியும் சாப்பாட்டைப் பற்றியும் ஒவ்வொருவரையும் பெயர் சொல்லி விசாரித்தும் ஒரு பக்கம் முழுக்கக் கதைத்திருந்தான். மற்றப் பக்கத்தில் நீங்கள் கதைத்து அனுப்புங்கள் என்றான்.

அன்று வீட்டில் பெருநாள் மாதிரி. மாமிமார், மச்சிமார், அடுத்த வீட்டார் எல்லோரும் பெட்டிக்குள் வாயை வைத்துக் கத்தினார்கள். குவைத் தூரம்தானே, மெதுவாகக் கதைத்தால் கேட்குமா என்று ஒருவருக்கும் நம்பிக்கையில்லை. எல்லோரும் முடிந்து சபூறாவின் முறை வந்தது. பிறகு கதைக்கிறேன் என்று பெட்டியை வாங்கி வைத்துக்கொண்டாள்.

அடுத்த நாள் பின்னேரம் மாமிமார் கலியாண வீடொன்றுக்குப் போயிருந்தார்கள். உம்மா மட்டும் தறியில். சபூறா பெட்டியை மடியில் வைத்துப் பொத்தானை அழுத்தினாள். "மச்சான்" என்றாள். அதற்கு மேல் ஒன்றும் வரவில்லை. நாடா சுற்றிக்கொண்டே இருந்தது, வீணாகப் போகிறதே என்று பதற்றமாக இருந்தது. அந்தப் பதற்றத்தில் அவள் அந்த வாரம் முழுக்க மனதில் கட்டி வைத்திருந்த மெட்டைச் சொல்லில்லாமல் பாடினாள். சுவருக்கு அந்தப் பக்கம் உம்மாவின் தறி தாளம் போட்டது. முடிந்ததும் வெட்கம் பிடுங்கித் தின்றது. அழிக்கலாமா என்று யோசிப்பதற்குள், குவைத்துக்குப் புறப்பட்ட வேறொரு ஊர்க்காரர் கெசட்டை வாங்க வாசலில் வந்து நின்றார்.

சரீப்பின் பதில் கெசட் வர இரண்டு மாதமாயிற்று.

"புள்ள சபூறா, அது என்ன பாட்டுகா? எந்தப் படத்துல வந்தது? இஞ்ச எல்லாரும் கேக்கிறானுகள். வேலைக்குப் போற பஸ்ஸில இப்ப அதத்தான் பாடுறானுகள். எனக்குத்தான் வருகுதில்ல. நான் பாடினா ஒட்டகம் எழும்பி ஓடுமாம். நம்மட குணம் சொல்றான்."

பின்னால் பலர் சிரிக்கும் சத்தம். பிறகு வேறொரு குரல் வந்தது.

"தங்கச்சி, நான் பாண்டிருப்புக் குணம். சரீப்போட ஒரே அறையில இருக்கிறன். இந்த மெட்டு நாதநாமக்கிரியை ராகத்தில தொடங்குது. நடுவில எங்கேயோ போயிட்டுத் திரும்பி வருகுது. எங்க போச்சுதெண்டுதான் எனக்கு விளங்கயில்ல. எங்கட வீட்டுக்காரி தவமணி சங்கீத ரீச்சர். ஒருக்காப் போய்ப் பாடிக் காட்டுங்க. அவ சொல்லுவா."

சபூறா அந்த இடத்தைத் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டாள். தான் பெற்ற பிள்ளைக்கு ஊரார் ஏற்கெனவே பெயர் வைத்திருந்தது மாதிரி இருந்தது. பதில் கெசட்டில் இந்த முறை துணிந்து கதைத்தாள்.

"மச்சான், அது படத்துல வந்ததில்ல. எனக்கு வந்தது."

பாண்டிருப்பு நடந்து போகும் தூரம்தான். ஆனாலும் அந்த வாசலில் போய் நின்றபோது, திரும்பிப் போய்விடலாமோ என்று அவளுக்குத் தோன்றியது. தவமணி ஈரக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு வந்து, "நீங்கதானே சரீப் அண்ணன்ட ஆள்? இவர் கெசட்டில சொல்லிச் சொல்லி என்ட காது புண்ணாப் போச்சு. வாங்க, இருங்க, பாடுங்க" என்றாள். தேத்தண்ணீர் கூடப் பிறகுதான் வந்தது.

சபூறா பாடினாள். தவமணி கண்ணை மூடித் தொடையில் தட்டினாள். ஓரிடத்தில் நிறுத்தினாள்.

"தாளம் மிஸ்ர சாபு. மூண்டும் நாலும். இத எங்க படிச்சீங்க?"

"படிக்கல்ல. அது எங்கட உம்மாட தறி. காலால மிதிக்கிற கட்ட ஒண்டு கொஞ்சம் தேஞ்சி போச்சு. அதால நொண்டும்."

தவமணி அந்தத் தாளத்தைத் தொடையில் மறுபடி போட்டுப் பார்த்தாள். பிறகு சிரிக்கத் தொடங்கியவள் நிறுத்தவில்லை. "அப்பிடியெண்டா உங்கட உம்மா இத்தனை வருஷமா மிஸ்ர சாபுவிலதான் சாரி நெய்யிறா" என்றாள். சபூறாவும் சிரித்தாள். அன்றிலிருந்து இரண்டு பேருக்கும் சனிக்கிழமைப் பின்னேரங்கள் ஒன்றாயின. சபூறா மெட்டைக் கொண்டுபோவாள், தவமணி அதைச் சுரமாக எழுதிக் கொடுப்பாள். ராகத்துக்கு வெளியே போன இடங்களைக் கண்டால் தவமணி முகத்தைச் சுளிப்பாள். சிலவேளை சபூறா மாற்றுவாள். சிலவேளை, "இல்ல, அது அங்கதான் போகணும்" என்று பிடிவாதமாக நிற்பாள். ஒருமுறை அந்தச் சண்டையில் இரண்டு பேரும் ஒரு வாரம் பேசாமல் கூட இருந்தார்கள்.

எண்பதாம் ஆண்டு ஒரு புதன்கிழமை, மருதமுனைச் சந்தியில் ஒரு பழைய மொறிஸ் மைனர் கார் வந்து நின்றது. இறங்கியவர் விக்னராசா. குணத்தின் சித்தப்பா மகன். கொழும்பிலிருந்து கடன்பட்டும் கைமாற்று வாங்கியும் ஒரு தமிழ்ப்படம் எடுத்துக்கொண்டிருந்தார். கடலோரத்துக் கதை. குணம் குவைத்திலிருந்து அந்த மெட்டைப் பிரதி எடுத்து அவருக்கு அனுப்பியிருந்தான். யார் போட்டது என்று விவரமாகச் சொல்லாமல், "சரீப் வீட்டு மெட்டு" என்று மட்டும் கெசட்டின் மேல் எழுதியிருந்தான்.

"இசையமைப்பாளர் சரீப் வீடு எங்க?" என்று விக்னராசா தேநீர்க் கடையில் கேட்டார்.

"சரீப்பா? அவன் ட்ராக்டர் மெக்கானிக்தானே. குவைத்துக்குப் போயிட்டான். அவனுக்குப் பாட்டு எங்கால வரும்? அவன் சைக்கிள் பெல் அடிச்சாலே தாளம் பிசகும்."

வீட்டைக் கண்டுபிடித்து அவர் வாசலில் கதிரையில் இருந்தபோது, சபூறா குடையை மடக்கிக்கொண்டு பள்ளிக்கூடத்திலிருந்து வந்தாள். கெசட்டில் பாடிய குரல் இவளுடையது என்பது அவள் வாய் திறந்ததுமே அவருக்கு விளங்கியது. மெட்டும் இவளுடையதுதான் என்பதை நம்ப இன்னும் கொஞ்ச நேரம் பிடித்தது. அவள் அதே மெட்டை வேறு இரண்டு விதமாக முடித்துக் காட்டிய பிறகு எழுந்து நின்றுவிட்டார்.

"ரீச்சர், இந்தப் பாட்டை எனக்குத் தாங்க. மற்ற வாத்தியமெல்லாம் ஆக்கள் பாத்துக்கொள்ளுவினம். நீங்க கொழும்புக்கு வந்து பக்கத்தில நிண்டு சொன்னாப் போதும்."

சபூறா உம்மாவைப் பார்த்தாள். றாபியா தறியை நிறுத்தாமலே கேட்டுக்கொண்டிருந்தாள். இப்போது நிறுத்தினாள். வீடு திடீரென்று அமைதியானது.

"படத்துல என்ன காட்டப் போறீங்க?"

"கடலுக்குப் போன புருஷனைப் பாத்துக் கரையில நிக்கிற பொம்பிளை, அம்மா. தோணி வாறதைக் கண்டு பாடுறா."

"மழை பெய்யுமா?"

"மழையா?"

"படத்துல பாட்டு வந்தா மழையும் வருகுது. புள்ளயள் நனைஞ்சிக்கிட்டு ஆடுதுகள். என்ட மகள்ட பாட்டுல மழை பெய்யக் கூடா."

விக்னராசா உண்மையாகவே யோசித்தார். "பெய்யாது அம்மா. மழைக்கு எங்களிட்ட வசதியுமில்லை" என்றார்.

"அப்ப சரி. நானும் வருவன்" என்று றாபியா மறுபடி தறியை மிதித்தாள்.

சரீப்பின் சம்மதமும் கெசட்டிலேயே வந்தது. "போ புள்ள. நல்லாச் செய். படத்துல பேர் போடுறதப் பத்தி மட்டும் யோசி, இஸ்கூலுல ஆராவது கதைப்பாங்க" என்றான். அவளும் அதைத்தான் யோசித்திருந்தாள். 'எஸ். சரீப்' என்றே போடட்டும் என்று விக்னராசாவிடம் சொல்லிவிட்டாள்.

கொழும்பு ஒலிப்பதிவுக் கூடம் சபூறா நினைத்தது போல இல்லை. சுவர் முழுக்கத் துணி ஒட்டியிருந்தது. கதவைச் சாத்தியதும் உலகத்தின் சத்தமெல்லாம் செத்துப்போனது. வயலின்காரர்கள், தபேலாக்காரர், புல்லாங்குழல்காரர் எல்லோரும் தவமணி எழுதிய சுரத்தை ஒருமுறை பார்த்துவிட்டு மளமளவென்று வாசித்தார்கள். தனக்குள் மட்டும் ஓடிய ஒன்று இத்தனை வாத்தியங்களில் ஒன்றாகக் கிளம்பியபோது சபூறா தன் மெட்டுத்தானா என்று வாய்க்குள் கூடவே பாடிப் பார்த்தாள். உம்மா மட்டும் தபேலாக்காரரையே பார்த்துத் தலையாட்டினாள்.

விக்னராசா எழுதுவித்த வரிகளைப் பாட வந்த பெண்ணுக்கு முதல் பகுதி தேனாக வந்தது. இரண்டாம் பகுதியில் குரல் கீழே எட்டவில்லை. சபூறாவின் குரல் தாழ்ந்தது; அவள் தன் தொண்டைக்கு மெட்டுக் கட்டியிருந்தாள். சுருதியை ஏற்றினால் முதல் பகுதி கிழிந்தது. மூத்த வயலின்காரர் பொறுமையாகச் சொன்னார்: "மகள், அந்த ரெண்டு வரியையும் மேல் பக்கமாத் திருப்பிப் பாருங்க. நாங்க காத்திருக்கிறம்."

எல்லோரும் காத்திருந்தார்கள். அந்த அமைதியில் சபூறாவின் தலைக்குள் ஒரு சுரமும் வரவில்லை. வாழ்நாளில் அவள் அமைதியில் மெட்டுக் கட்டியதே இல்லை.

"உம்மா, வெளிய போவம்" என்றாள்.

தெருவில் பஸ்கள் இரைந்தன. பக்கத்தில் ரயில் பாதை. ஒரு சாப்பாட்டுக் கடையில் கொத்து ரொட்டி அடித்துக்கொண்டிருந்தார்கள். சபூறா அந்தக் கடையின் முன் வாங்குப் பலகையில் இருந்து கண்ணை மூடினாள். ரொட்டிக் கத்தியும் ரயிலும் ஒன்றின் மேல் ஒன்று ஏறி வந்தபோது, கீழே இறங்க வேண்டிய வரி மெல்ல மேலே திரும்பியது. அது தோணி அலையில் ஏறுவது போலவே இருந்தது. முன்னையதை விட நன்றாகவும் இருந்தது. முணுமுணுத்துக்கொண்டே, அது சிந்திவிடாமல், வாயைக் கையால் பொத்தியபடி கூடத்துக்குள் ஓடினாள். றாபியா குடித்த தேத்தண்ணீரை அப்படியே வைத்துவிட்டுப் பின்னால் ஓடினாள்.

*தோணி வருகுது தோணி - என்
தூக்கம் போனதைக் கேள் நீ*

அந்தப் பெண் புது மெட்டில் பாடி முடித்தபோது வயலின்காரர் வில்லால் தாளில் தட்டிப் பாராட்டினார். இன்னும் ஒன்று மிச்சம் இருந்தது. தோணி கரை சேரும் இடத்தில், கலியாண வீடுகளில் பெண்கள் நாக்கைப் புரட்டிப் போடும் குரவை வேண்டும் என்று சபூறா சொல்லியிருந்தாள். கோரஸ் பெண்கள் முயன்று பார்த்தார்கள். நாக்குப் புரளவில்லை, சிரிப்புத்தான் வந்தது.

"அதுக்கென்ன" என்று றாபியா முக்காட்டைச் சரிசெய்துகொண்டு எழுந்தாள். ஊரில் எத்தனையோ கலியாண வீட்டில் மாப்பிள்ளை வரும்போது முன்வரிசையில் நின்று குரவை போட்டவள். மைக்குக்குக் கிட்டப் போய் ஒரு குரவை விட்டாள். கண்ணாடிக்கு அப்பால் இருந்த ஒலிப்பதிவாளர் காதுக் கருவியைக் கழற்றி எறிந்துவிட்டுக் கதிரையோடு பின்னால் போனார். இரண்டாம் முறை உம்மாவை வாசல் கதவடியில் நிறுத்திப் பதிந்தார்கள். அந்தக் குரவைதான் படத்தில் இருக்கிறது.

படம் எண்பத்தொன்றில் வந்தது. கல்முனையில் ஒரு வாரம்கூட ஓடவில்லை. கதை இழுவை என்றார்கள். ஆனால் பாட்டு வானொலியில் ஏறிக்கொண்டது. கலியாண வீட்டு ஒலிபெருக்கிகளில் மாப்பிள்ளை வரும் நேரத்துக்கென்றே அதை வைத்திருந்தார்கள். சாய்ந்தமருதுக் கரையில் வலை இழுக்கிறவர்கள் அதைப் பாடினார்கள். படத்தில் 'இசை: எஸ். சரீப்' என்று கண்ட ஊர், சரீப்புக்குள் இவ்வளவு இருந்ததா என்று அதிசயப்பட்டது. வகுப்பில் கணக்குச் சொல்லிக்கொடுக்கும்போது தெருவில் தன் மெட்டு போவதைச் சபூறா கேட்பாள். சுண்ணக்கட்டி கையில் அப்படியே நிற்கும். பிறகு ஒன்றும் நடவாதது போல எழுதுவாள். அந்த இரகசியம்கூட ஒரு சுகமாகத்தான் இருந்தது.

அந்த வருஷமே சரீப் விடுமுறையில் வந்தான். கல்முனை பஸ் நிலையத்தில் இறங்கியவனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. விளையாட்டுக் கழகப் பொடியன்கள் மாலையோடு நின்றார்கள். ஒலிபெருக்கியில் பாட்டுப் போனது. 'நமது மண்ணின் இசையமைப்பாளர்' என்று துணியில் எழுதிக் கட்டியிருந்தார்கள். மாலையைப் போட்டு ஒலிவாங்கியையும் கையில் திணித்தார்கள்.

சபூறா முக்காட்டுக்குள் முகத்தை மறைத்துக்கொண்டு உம்மாவோடு ஓரமாக நின்றிருந்தாள். சும்மா நன்றி சொல்லிவிட்டு வந்தால் போதும் என்று நினைத்தாள். சரீப் ஒருமுறை அவளைப் பார்த்தான்.

"தம்பிமாரே, இது எனக்குரிய மாலையில்ல. இந்தப் பாட்டு என்ட பொண்டாட்டி சபூறா போட்டது."

கூட்டம் சிரித்தது. அடக்கத்தில் சொல்கிறான் என்று நினைத்தார்கள்.

"நம்பல்லயா? அப்ப கேளுங்க" என்று சரீப் அந்தப் பாட்டை ஒலிவாங்கியில் பாடத் தொடங்கினான்.

முதல் வரியிலேயே பொடியன்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். இரண்டாம் வரியில் கடைக்காரர்கள் வெளியே வந்தார்கள். மூன்றாம் வரியில், "போதும் சரீப் நானா, நம்பிட்டம்" என்று கழகத் தலைவரே ஒலிவாங்கியை வாங்கிக்கொண்டார். பஸ் நிலையமே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. சரீப்பும் சிரித்தான். மாலையைக் கழற்றிக்கொண்டு நேரே நடந்து வந்து சபூறாவின் கையில் கொடுத்தான்.

"ஏன் மச்சான் சொன்னீங்க? நீங்கதானே பேர் வேணாமெண்ட?" என்றாள் அவள், வீடு போகும் வழியில்.

"வேணாமெண்டுதான் நெனச்சன். மாலை கழுத்துல விழுந்த ஒடன அது குத்திச்சி" என்றான்.

அவன் பயந்தது போலவே கதை கிளம்பியது. படப்பாட்டுக்காரியிடம் பிள்ளைகளைப் படிக்க விடலாமா என்று சில தகப்பன்மார் அதிபரிடம் போனார்கள். அதிபர் சபூறாவைக் கூப்பிட்டபோது அவள் வேலை போனது என்றே முடிவு செய்துகொண்டு போனாள். அவர் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

"ரீச்சர், மீலாத் விழாவுக்கு மாவட்டப் போட்டி வருது. நம்மட பள்ளிக்கூடம் ஒரு வருஷமும் மேடையில ஏறினதில்ல. நீங்க ஒரு கீதம் போட்டுத் தரணும். முறைப்பாடு சொன்னவங்கட புள்ளயளையும் அதுல சேத்துக்கங்க."

அந்தக் கீதத்துக்கு இரண்டாம் பரிசுதான் கிடைத்தது. ஆனால் மேடையில் தன் மகள் முன்வரிசையில் நின்று பாடுவதைக் கண்ட தகப்பன் ஒருவர், கூட்டம் முடிந்ததும் சபூறாவிடம் வந்து தொண்டையைக் கனைத்துக்கொண்டு, "அடுத்த வருஷமும் இருக்கும்தானே?" என்று மட்டும் கேட்டுவிட்டுப் போனார்.

இருந்தது. அதன் பிறகு வானொலிக்கு இஸ்லாமிய கீதங்கள், பாடசாலைகளுக்கு நாட்டிய நாடகங்கள் என்று எண்பதுகள் முழுக்க அவளுக்கு வேலை வந்துகொண்டே இருந்தது. இப்போது 'சபூறா சரீப்' என்றே எல்லாவற்றிலும் போட்டார்கள். இன்னொரு படம் வரவில்லை. எண்பத்துமூன்றுக் கலவரத்தோடு விக்னராசா நாட்டை விட்டுப் போனார். படச்சுருள் என்னவானது என்று அவருக்கே தெரியாது. பாட்டு மட்டும் வீடு வீடாகக் கெசட்டுகளில் தங்கிவிட்டது.

சரீப்பும் குணமும் குவைத்தை விட்டு ஊரோடு வந்துவிட்டார்கள். எண்பத்தைந்தில் தமிழ் ஊருக்கும் முஸ்லிம் ஊருக்கும் இடையே பிரச்சினை வந்து வீதி வெறிச்சோடியபோது சில மாதங்கள் சபூறாவால் பாண்டிருப்புக்குப் போக முடியவில்லை. அவளும் தவமணியும் சேர்ந்து கட்டிக்கொண்டிருந்த ஒரு கீர்த்தனை பாதியில் நின்றது. வீதி திறந்த முதல் சனிக்கிழமை அவள் புறப்பட, சரீப் தடுக்கவில்லை. தானும் கூட நடந்தான். பாதி வழியில், எதிரே குணமும் தவமணியும் வந்துகொண்டிருந்தார்கள். நால்வரும் வீதி நடுவில் நின்றார்கள். முதலில் தவமணிதான் வாயைத் திறந்தாள்.

"அந்தக் கீர்த்தனையில அனுபல்லவி இன்னும் சரியா வரயில்ல. நீங்க பிடிவாதம் பிடிச்சது பிழை."

"பிழையில்ல" என்றாள் சபூறா. இருவரும் ஒருவர் கையை மற்றவர் பிடித்துக்கொண்டு அழுதார்கள். பிறகு எந்த வீட்டுக்குப் போவது என்று ஆண்கள் இருவரும் விவாதிக்கத் தொடங்கினார்கள்.

அந்தக் கீர்த்தனை எண்பத்தேழில் கல்முனையில் அரங்கேறியது. தவமணியின் மாணவிகள் பாடினார்கள், வயலினும் மிருதங்கமும் சேர்ந்தன. முன்வரிசையில் றாபியா இருந்து, தறி மிதிப்பது போலக் காலால் தாளம் போட்டாள். அனுபல்லவி சபூறா சொன்னபடியே போனது. சரணத்தில் தவமணி சொன்னபடி மாற்றியிருந்தார்கள்.

ஒருநாள் சபூறா அக்கரைப்பற்றுக்குப் போகும் பஸ்ஸில் இருந்தாள். முன் இருக்கையில் ஒரு இளந்தாய், மடியிலிருந்த பிள்ளையை ஆட்டியபடி அந்தத் தோணிப் பாட்டைப் பாடினாள். இரண்டாம் பகுதி வந்தது. மேலே போக வேண்டிய வரியை அந்தப் பெண் பாதியில் வளைத்து, யாரும் சொல்லிக்கொடுக்காத ஓர் இடத்தில் இறக்கினாள். பிள்ளை தூங்குவதற்குத் தோதாக, மெத்தென்று.

சபூறா முன்னால் சாய்ந்தாள். பிழை என்று சொல்ல அல்ல.

"தங்கச்சி, அந்த வரிய இன்னொருக்காப் பாடுங்க" என்றாள்.

அந்தப் பெண் வெட்கப்பட்டுத் திரும்பிப் பார்த்தாள். "எனக்குச் சரியாப் பாடத் தெரியாது ராத்தா. மறந்த இடத்துல சும்மா ஏதோ போடுறன்."

"ஓம். அதத்தான் கேக்கிறன்" என்றாள் சபூறா.

பஸ் நிந்தவூர் வயல்களைத் தாண்டி இரைந்துகொண்டு போனது. அந்தப் பெண் மீண்டும் பாடினாள். சபூறா விரலால் முன் இருக்கையின் கம்பியில் தட்டிக்கொண்டு, அந்த வளைவைக் கவனமாகக் கேட்டுப் பழகிக்கொண்டாள்.